கரையான் தின்னாத புத்தகங்கள்

கரையான் தின்றுவிட்டது என்று சொன்னேன். தின்னவில்லை. சூசைராஜ் சாரின் புத்தகங்கள் ஒன்றுகூடக் குறையாமல் என் கூடத்துக் கண்ணாடி அலமாரியில் இருக்கின்றன.

என்னைச் சாதாரண ஆள் என்று நினைத்துவிடாதீர்கள். மூன்றாம் வகுப்போடு நின்றவன். சுரங்கத்தில் மண்கூடை சுமந்து, கான்ட்ராக்ட் பிடித்து, வடக்குத்து ஊரிலேயே முதல் மாடி வீடு கட்டியவன்!

சார் சுரங்க டவுன்ஷிப் பள்ளிக்கூடத்தில் தமிழ் வாத்தியார். இலக்கியம், பண்பாடு என்று இங்கிலீஷிலும் படித்துக் குவிக்கும் பெரிய ஆராய்ச்சிக்காரர். என் ஆட்கள் மண் சுமந்தபடி பேசுவதைக்கூட எழுதிக்கொள்வார். அதுவும் இலக்கியம்தான் என்பார். எனக்குச் சிரிப்பு வரும்.

எழுபதுகளின் கடைசியில் ஓய்வு பெற்று, குவார்ட்டர்ஸைக் காலி செய்தார். முத்தாண்டிக்குப்பத்தில் கிடைத்தது ஒழுகும் ஒற்றை அறை. நல்ல வீடு பார்க்கும்வரை புத்தகங்கள் உங்களிடம் இருக்கட்டும் என்றார். என் லாரியிலேயே ஏற்றி வந்து, அலமாரி செய்து அடுக்கினேன். அங்கேதான் கெட்டேன்!

என்னை "ஏய் கான்ட்ராக்ட்" என்றே கூப்பிடும் சுரங்க அதிகாரி ஒருவர், வீட்டுக்கு வந்தவர், அந்தத் தடித்தடி இங்கிலீஷ் புத்தகங்களின் முன்னால் நின்றுவிட்டார்.

"இவ்வளவும் நீங்க படிச்சதா?"

நீங்க! அந்த வாயிலிருந்து முதல் தடவை... ஆமாம் என்றேன். ஊர் முழுக்கப் பரவியது.

ஒரு வருஷம் கழித்து சார் வந்தார். முத்தாண்டிக்குப்பத்திலேயே நல்ல வீடு கிடைத்துவிட்டது, ஆயுசுக்கும் சேர்த்து ஒரே நூல் எழுதப் போகிறேன் என்றார். நான் கேட்டைத் திறக்கவில்லை.

"எல்லாத்தையும் கரையான் துன்னுடுச்சிங்க சார்."

கம்பியைப் பிடித்துக்கொண்டார். "துன்ன மிச்சம் ஏதாவது இருக்குதுங்களா? ஓரத்துல பென்சில்ல எழுதி வச்சிருக்கேன். அது போதும்."

"கொளுத்திட்டேனுங்க."

திட்டியிருந்தால் தாங்கியிருப்பேன்... "நீங்க என்னாங்க பண்ணுவீங்க, மனச வுட்டுடாதீங்க" என்று எனக்கு ஆறுதல் சொல்லிவிட்டு பஸ்ஸுக்கு நடந்தார்.

சில வருஷத்தில் சார் இறந்துபோனார். அந்த நூலை நினைவிலிருந்து எழுதுவாராம், கிழிப்பாராம். அடக்கத்தன்று அவர் மனைவி சொன்னார். கல்லறைக்கு ஆட்கள் என் லாரியில்தான் போனார்கள். அதற்காக அந்த அம்மா என்னைக் கும்பிட்டார். என்னை!

அந்த அம்மாவிடமாவது கொடுத்துவிடலாம் என்று மூன்று முறை புத்தகங்களை லாரியில் ஏற்றினேன். மூன்று முறையும் முத்தாண்டிக்குப்பம் வருவதற்குள் வண்டியைத் திருப்பச் சொன்னேன். எந்த முகத்தோடு இறக்குவேன்... நீங்களே சொல்லுங்கள்!

நேற்று ஒன்றைத் திறந்தேன். ஓரத்தில் பென்சில் எழுத்து. 'மண்கூடை' என்று தமிழில் இருந்தது. பக்கத்தில் என் பெயர். அதற்குக் கீழே முழுக்க இங்கிலீஷ்.

என்ன எழுதியிருக்கிறார்? நல்லதாகவா, கெட்டதாகவா? எட்டு வீடு தள்ளி, கல்லூரியில் படிக்கும் பெண் ஒன்று இருக்கிறது. நீட்டினால் ஒரு நிமிஷத்தில் படித்துச் சொல்லும்.

எப்படி நீட்டுவேன்... இந்த ஊரில் அதையெல்லாம் படித்து முடித்தவன் நான் ஆயிற்றே!