வழிமொழிய ஓர் ஆள்

எங்கள் நாடாளுமன்றத்தில் அமைச்சர் ஒவ்வொருவருக்கும் எதிரே எதிர்க்கட்சி ஒரு நிழல் அமைச்சரை நிறுத்தும். காரும் கிடையாது, கொடியும் கிடையாது. கேள்வி கேட்கும் வேலை மட்டும். சொம்பா அம்மாவின் கட்சிதான் மிஞ்சியிருந்த ஒரே எதிர்க்கட்சி. அதிலும் ஒவ்வொருவராகப் பதவி கொடுத்து அரசாங்கம் கொத்திக்கொண்டு போனது. கடைசியில் மிஞ்சியது அவரும் கட்டேபே என்ற இன்னொரு உறுப்பினரும். சுகாதாரம், கல்வி, மீன்வளம் அவருக்கு. மிச்ச இலாகாவெல்லாம் கட்டேபேக்கு.

தலைநகர் லுசாகாவில், அவையின் நிருபர் மாடத்தில் கொட்டாவி விட்டே காலம் தள்ளியவன் நான். சிற்றுண்டிச்சாலையில் ந்ஷிமாக் களியும் நெத்திலிக் குழம்பும் வைத்துக்கொண்டு இருவரும் நிழல் அமைச்சரவைக் கூட்டம் நடத்துவார்கள்.

"என்னம்மா, அமைச்சரவை முழுசா கூடிருச்சா?" என்று சீண்டுவேன்.

"பாதி அமைச்சரவை கை கழுவப் போயிருக்கு. நீ உக்காரு" என்பார்.

சொம்பா அவருடைய ஒரே மகள். ஏரித் தீவிலிருந்து பிரசவத்துக்குத் துடுப்புப் படகில் கொண்டுபோகும்போது வழியிலேயே செத்துப்போனாள். பெற்றவர்களைப் பிள்ளையின் பெயரால் கூப்பிடுவது எங்கள் வழக்கம்; மகள் போன பிறகும் ஊரே அவரை அவள் பெயரைச் சொல்லித்தான் கூப்பிட்டது. தீவுக்கு ஒரு மோட்டார் படகும் மருத்துவச்சியும் வேண்டும் என்று தீர்மானம் கொண்டுவரத்தான் அவர் அவைக்கே வந்தார். இன்னொரு உறுப்பினர் எழுந்து வழிமொழியாவிட்டால் எந்தத் தீர்மானமும் அங்கேயே செத்துவிடும். அவர் எதைக் கொண்டுவந்தாலும் கட்டேபே எழுந்துவிடுவார்.

ஒருவழியாகப் படகுத் தீர்மானத்துக்கு நாள் குறித்தார்கள். அதற்கு முந்தின வாரம் கட்டேபே துணை அமைச்சர் ஆனார்.

"காரு சௌகரியமா இருக்கா, முலெங்கா அப்பா?" என்று நடைவழியில் அவரிடம் கேட்டார் சொம்பா அம்மா.

"வேற யாராச்சும் எந்திரிப்பாங்கம்மா" என்று தரையைப் பார்த்துச் சொன்னார் கட்டேபே.

ஆளுங்கட்சிக்காரர்கள் ஒவ்வொருவரிடமும் போய்க் கேட்டார் அம்மா. ஒருவரும் பிடி கொடுக்கவில்லை.

குறித்த நாளன்று எதிர்வரிசையில் தனியாக நின்று தீர்மானத்தை வாசித்தார். "வழிமொழிபவர் உண்டா?" என்றார் அவைத்தலைவர்.

கட்டேபே எழுந்துவிட்டார்! "வழிமொழி..." என்று வாயும் திறந்துவிட்டார். அவை கொல்லென்று சிரித்தது. பக்கத்து அமைச்சர் அவருடைய கோட்டைப் பிடித்து இழுத்தார்.

"துணை அமைச்சர் வழிமொழியறாரா?" என்று கேட்டார் அவைத்தலைவர்.

கட்டேபே அம்மாவைப் பார்த்தார். பிறகு சொன்னார்: "இல்லைங்க, மன்னிக்கணும். பழக்கதோஷம்."

தீர்மானம் விழுந்தது. வெளியே படிக்கட்டில் அம்மா நின்றுகொண்டிருந்தார். பக்கத்தில் போனேன்.

"இத்தனை வருஷமா அந்த மனுஷன் எம்பொண்ணுக்காக எந்திரிக்கிறார்னு நெனச்சிட்டிருந்தேன்டா" என்றார். "பழக்கமாம்."