காமாலை என்று எழுதிய மனு

தொண்ணூறுகளில் கோவை ஆர்.எஸ்.புரத்தில் ஒரு வக்கீல் ஆபீசில் நான் ஜூனியர். கோர்ட்டுக்குப் போகாமல் விட்டு, ஒருதலையாகத் தீர்ப்பாகிப்போனவர்கள் அதை ரத்து செய்யச் சொல்லி மனுப் போட வருவார்கள். அன்றைக்கு ஏன் வரவில்லை என்று காரணம் எழுத வேண்டும். எங்கள் ஆபீசில் எல்லோருக்கும் ஒரே காரணம்தான், மஞ்சள் காமாலை. நான் டைப் அடித்த காமாலைகளுக்கு மருந்து கொடுப்பதென்றால் ஜில்லாவில் கீழாநெல்லியே மிஞ்சியிருக்காது. அந்தக் காமாலை ஒருநாள் என் அம்மாவுக்கும் வந்தது.

அம்மா சத்தியமங்கலம் பக்கம், தாத்தா வாய்வார்த்தையாகக் கொடுத்த ரெண்டு ஏக்கர் தோட்டத்தில் குடியிருந்தாள். பத்திரம் கிடையாது. என் அப்பா போன பிறகு அவளுக்கு வீடும் சோறும் அந்தத் தோட்டம்தான். தாத்தாவும் இறந்ததும் அம்மாவின் தம்பி, என் மாமா, தோட்டம் தன்னுடையது, அக்காவைக் காலி செய்ய வேண்டும் என்று வழக்குப் போட்டார். அம்மாவுக்குச் சம்மன் வந்தது. அதே வாரம் மாமாவே தாம்பூலத்தட்டோடு வந்து நின்றார். மகனுக்குக் கல்யாணம். முகூர்த்தமும் கோர்ட் தேதியும் ஒரே நாள்.

"அத்தைக்காரி நீங்க வராம சீர் எப்படீங்க்கா நடக்கும்? கோர்ட்டு கெடக்குதுங்க. நான் வக்கீலுகிட்டச் சொல்லி வாய்தா வாங்கிப்போடறேன்" என்றாராம்.

அம்மா நம்பினாள். அவள் இடுப்பில் தூக்கி வளர்த்த தம்பி. சம்மன் வந்ததை என்னிடம் மூச்சுவிடவில்லை. சொன்னால் கத்துவேன் என்று தெரியும். விவரம் தெரியாமல் நானும் கல்யாணத்துக்குப் போய், மூன்று தரம் பாயசம் வாங்கிச் சாப்பிட்டேன். அதே காலையில் கோர்ட்டில் அம்மாவின் பெயரை மூன்று தரம் கூப்பிட்டிருக்கிறார்கள். மாமாவின் வக்கீல் வாய்தா கேட்கவில்லை. தோட்டத்தை ஒப்படைக்கச் சொல்லித் தீர்ப்பாகிவிட்டது.

தகவல் வந்ததும் எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. நடந்ததை நடந்தபடி எழுதலாம், கல்யாணத்துக்குக் கூப்பிட்டு ஏமாற்றினார் என்றே எழுதலாம் என்றேன். அம்மா ஒப்பவில்லை.

"கூடப்பொறந்தவன ஏமாத்துக்காரன்னு கோர்ட்டுல எழுதிப்போட்டா, நாளைக்கு நான் செத்தா எனக்குப் பொறந்த ஊட்டுக் கோடிச் சேலை யாரு கண்ணு கொண்டாருவாங்க? அந்தச் சேலை போத்தாம என்னையத் தூக்கறதா?"

"காமாலைன்னே போட்டுரும்மா, வம்பில்லை" என்றார் சீனியர் என்னிடம். போட்டேன். அம்மாவுக்காக மருத்துவச் சான்றிதழும் வாங்கி இணைத்தேன்.

விசாரணையன்று மாமாவின் வக்கீல் அம்மாவைக் கூண்டில் ஏற்றிப் பணிவாகத்தான் கேட்டார். "ஏனுங்கம்மா, அன்னைக்குப் படுத்த படுக்கைங்களா?"

"ஆமாங்க."

அவர் கல்யாண ஆல்பத்தைப் பிரித்து நீட்டினார். "இது யாருங்கம்மா?"

அம்மா அந்தப் படத்தைப் பார்த்தாள். பட்டுச்சேலை கட்டி, சீர்த்தட்டைப் பிடித்துக்கொண்டு சிரிக்கிறாள். பக்கத்தில் மாமா. பின்னால் நான். "நாந்தானுங்க" என்றாள்.

உண்மையை எழுதியிருந்தால் அந்தப் போட்டோதான் எங்களுக்கு முதல் சாட்சி. வழக்குப் போட்டவரே அவளைத் தன் பக்கத்தில் நிறுத்திவைத்திருந்தார் என்பதற்கு வேறென்ன வேண்டும்? கல்யாண வீட்டில் கேமரா இருந்ததுகூட மறந்துபோன வக்கீல் நான். காமாலை என்று சத்தியம் செய்தாகிவிட்டது, இனி மாற்றிப் பேச வழியில்லை. பொய் மனு என்று தள்ளுபடியானது. அப்பீல் போகலாம் என்றேன். "போதும் கண்ணு" என்றாள்.

தோட்டத்தைக் காலி செய்துவிட்டு என் வாடகை வீட்டுக்கு வந்தாள். என்னை ஒருநாளும் குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் எனக்குக் கொஞ்சம் ஆறியிருக்கும். சில வருஷம் கழித்து அந்த வீட்டிலேயே இறந்தாள்.

சொல்லியனுப்பியதும் மாமா வந்தார், கையில் கோடிச் சேலையோடு. பிடுங்கித் தெருவில் வீசலாம் என்றிருந்தது எனக்கு. ஆனால் அது அம்மா ரெண்டு ஏக்கரைக் கொடுத்து வாங்கிய சேலை. அவர் போர்த்தும்போது, ஓரம் மடங்கியிருந்ததை நானே நீவிச் சரிசெய்தேன்.