காத்தமுத்து தரையிறங்காத கதை

தேயிலை ஆலையில் தூள் சலித்த காத்தமுத்து, 1984 முதல் ஐந்து வருடம் ஞாயிறுதோறும் விமானம் ஓட்டினார். எஸ்டேட் கிளப்பில் பழைய துரை விட்டுப்போன கம்ப்யூட்டரில்தான். வானமும் தரையும் வெறும் பச்சைக் கோடுகள். ஆனாலும் விமானி செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் உட்காருவார். பின்னால் நின்று பார்க்கும் கூட்டாளிகள் நால்வரும் கழற்றுவார்கள்.

தானா ராத்தா டவுன் கடைக்காரர் சலாஹுதீன் புதிதாக ஒரு கலர் விமான ஆட்டம் காட்டினார். "கலருதான் இருக்கு பாய், பயம் இல்லியே லா" என்று காத்தமுத்து திருப்பிக் கொடுத்துவிட்டார்.

ஒரு தடவையாவது தரையிறங்க வேண்டும் என்பதே அவர் ஆசை. கிளப் திறப்பது பன்னிரண்டுக்கு. அடுத்த விமான நிலையம் சேர இரண்டே கால் ஆகும். இரண்டு மணிக்கோ ஜெனரேட்டர் நின்றுவிடும்.

"கெளம்புன எடத்துலயே எறங்கேன்," என்றார் நால்வரில் ஒருவரான முனியாண்டி.

"அதுக்கு எதுக்குடா பிளேனு?"

ஜெனரேட்டர் ஓட்டுபவர் காத்தமுத்துவின் மச்சான் நாகப்பன்.

"கால் மணி நேரம் குடு மச்சான்."

"துரை ரூலு லா, மச்சான்."

நெஞ்சில் தூள் அடைத்து காத்தமுத்து செத்தார். ஞாயிறு காலை அடக்கம். சாவு வீட்டுக்காக அன்று முழுக்க கரண்ட் உண்டு. அதுவும் துரை ரூல்தான்.

நால்வரும் செருப்பைக் கழற்றி அவருக்காகப் பறந்தார்கள். இரண்டு மணி தாண்டியது. ஓடுதளம் தெரிந்தது. ஓட்டிக்கொண்டிருந்த முனியாண்டி திரும்பிப் பார்த்தார்.

"இத எப்படிடா எறக்குறது?"

யாருக்கும் தெரியவில்லை. இதுவரை யாரும் இவ்வளவு தூரம் வந்ததில்லை. ஒருவர் வெறுங்காலோடு ஜெனரேட்டர் கொட்டகைக்கு ஓடினார்.

"நாகப்பா, கரண்ட நிறுத்து!"

"சாவு அன்னிக்கு நிறுத்தக் கூடாது. துரை ரூலு லா."