பொறுப்பு பார்க்க வந்த எதிர்மனுதாரர்

மனு எழுதுவது எங்கள் தொழில். மாறுதல் உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு சோறு இறங்காமல் உட்கார்ந்திருப்பது உங்கள் தொழில். அரசு வேலையில் இருக்கும் வாசகர்களுக்கு இதற்கு மேல் விளக்கம் வேண்டாம். நான் கள்ளக்குறிச்சியில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தா. நியமனம், இடமாறுதல் வழக்குகள்தான் எங்களிடம் அதிகம்.

மரியாதையாக ஒரு மனு

வளர்மதி கல்வராயன் மலையில் கிராம சுகாதார செவிலியர். அவர் மகனுக்குக் காது கேட்காது, கருவி பொருத்தியிருந்தார்கள். சின்ன வயதிலேயே தினமும் கள்ளக்குறிச்சிக்குப் பேச்சுப் பயிற்சிக்குக் கூட்டி வந்தால்தான் பேச்சு வரும். இடமாறுதல் கலந்தாய்வில் மலைக்குக் கீழே, தியாகதுருகம் பக்கம் இடம் கிடைத்தது. உத்தரவின் மை காய்வதற்குள் அது ரத்தாகிவிட்டது. காரணம் சொல்லவில்லை. அந்த இடத்தை ஜெயந்தி என்ற செவிலியருக்குக் கொடுத்துவிட்டார்கள்.

உயர் நீதிமன்றத்தில் மனுப் போட்டால், அந்த இடத்தில் இருப்பவரையும் எதிர்மனுதாரராகச் சேர்த்தாக வேண்டும். அதைச் சொன்னதும் வளர்மதியின் முகம் வாடிவிட்டது. "அவங்க இன்னா சார் பண்ணாங்க? குடுத்த எடத்துல போய் ஒக்காந்தாங்க. அவங்களப் பத்தி கொஞ்சம் மரியாதையா எழுதுங்க."

நோட்டீஸ்

எதிர்மனுதாரரிடம் நோட்டீஸ் கொடுத்துக் கையெழுத்து வாங்குவது என் வேலை. என்னைக் கண்டதும் பின்வாசல் வழியாகப் போனவர்கள் உண்டு. "அவரு ஊர்ல இல்ல" என்று அவரே வந்து சொன்னதும் உண்டு.

ஜெயந்தி தடுப்பூசி போட்டுக்கொண்டிருந்தார். என்னை உட்காரச் சொல்லிவிட்டு, கடைசிக் குழந்தை அழுது ஓய்ந்த பிறகு நோட்டீஸை முழுக்கப் படித்தார். அவருக்கு வீடு அங்கேதான். பால்குடிக் குழந்தை வேறு. தோற்றால் மலைக்குப் போக வேண்டி வரும் என்பதும் தெரியும். கையெழுத்துப் போட்டுக்கொண்டே கேட்டார்: "அந்தப் புள்ளைக்கு எதுனா பேச்சு வருதாங்க?"

லீவு

மூல உத்தரவோடு வளர்மதி சென்னைக்கு நேரில் வரவேண்டும் என்றார் வக்கீல். லீவு கிடைக்க, இன்னொரு செவிலியர் அவருடைய இடத்தைப் பொறுப்பு பார்க்க ஒப்புக்கொள்ள வேண்டும். மலையில் இரண்டு பெண்களுக்குப் பிரசவ நேரம். அக்கம்பக்கத்து செவிலியர்கள் ஆளுக்கொரு காரணம் சொன்னார்கள். "கேஸு போனா போவட்டும் சார். இவங்கள விட்டுட்டு நான் வரல" என்று வளர்மதி போனை வைத்துவிட்டார்.

விஷயம் ஜெயந்திக்கு எட்டியது. தானே பொறுப்பு பார்ப்பதாக எழுதிக் கொடுத்துவிட்டார். வளர்மதியைச் சென்னை பஸ் ஏற்ற நான் போனபோது, ஜெயந்தி மலை பஸ்ஸுக்கு நின்றுகொண்டிருந்தார். உங்கள் வழக்குக்கு நீங்களே கெடுதல் செய்யலாமா என்று கேட்டேன். "கேஸு எனக்கும் அவங்களுக்கும்தாங்க. மேல இருக்கற புள்ளத்தாச்சிக்கு இன்னா கேஸு?"

தீர்ப்புக்குப் பிறகு

காரணம் சொல்லாமல் ரத்து செய்தது செல்லாது என்று தீர்ப்பு வந்தது. வளர்மதி கீழே வந்தார். ஜெயந்தியை மலைக்குப் போட்டார்கள்.

சில மாதம் கழித்து இருவரும் சேர்ந்தே எங்கள் அலுவலகத்துக்கு வந்தார்கள். கீழே ரிஷிவந்தியம் பக்கம் ஓர் இடம் காலியாக இருப்பதை வளர்மதிதான் கண்டுபிடித்திருந்தார். ஜெயந்தி விண்ணப்பம் கொடுத்தும் பதில் இல்லை. மனுப் போட வேண்டும். கூட வந்திருந்த வளர்மதியின் மகன் என் மேசையிலிருந்த ரப்பர் ஸ்டாம்பைக் காட்டி, "தா" என்றான். கொடுத்துவிட்டேன்.

அந்த இடத்தில் யாரும் இல்லை என்பதால் இந்த முறை எதிர்மனுதாரராக எந்தச் செவிலியரையும் சேர்க்க வேண்டியிருக்கவில்லை. எழுந்து போகும்போது வளர்மதி சொன்னார்: "இவங்க மெட்ராஸ் போற அன்னிக்கு மலைக்கு நான் ஏறிக்கிறேன் சார். தேதிய மட்டும் முன்னாடியே சொல்லிடுங்க, ஸ்கூல்ல இருந்து புள்ளைய இட்டார ஆள் பாக்கணும்."

எதிர்மனுதாரரைப் பற்றி நல்லதாக ஒரு வரிகூட மனுவில் எழுதக் கூடாது என்பது எங்கள் தொழில் வழக்கம் என்பதால், அதையெல்லாம் இங்கே எழுதித் தொலைத்துவிட்டேன்.