பேச்சு விழுந்த இடம்

கத்திரி வெயில் காய்ந்த ஒரு மதியம், மதுரையில் எங்கள் மிஷன் பள்ளிக்கூடத்துத் தையல் அறையில் நான்கு சாக்குக் கம்பளி நூல் வந்து இறங்கியது இன்னும் கண்ணில் நிற்கிறது. சாம்பல் நிறம். சாக்கின் வாயைப் பிரித்ததும் ஆட்டுக்கிடை வாடை அறை முழுக்கப் பரவியது. யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். குளிர் தேசத்தில் இருக்கும் சிப்பாய்களுக்குத் தொப்பி பின்னித் தர வேண்டும் என்றார் மிசியம்மா. பள்ளிக்கூடத்தை நடத்திய வெள்ளைக்கார அம்மாளை எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுவோம். நாங்கள் இருபது பெண்கள். மார்கழி விடியற்காலையில் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டதைத் தவிர வேறு குளிர் அறியாதவர்கள். வியர்த்த கையில் நூல் ஒட்டிக்கொண்டு நகராது. கரும்பலகை ஓரத்தில் கிடக்கும் சாக்பீஸ் தூளை விரலில் தேய்த்துக்கொண்டு பின்னினோம்.

என் அண்ணன் பட்டாளத்தில் இருந்தான். அவன் மனைவி, என் மதினி, அந்த இருபது பேரில் ஒருத்தி. என்னைவிட இரண்டு வயதுதான் மூத்தவள். வாய் ஓயாமல் பேசுவாள். நானோ வாயே திறக்க மாட்டேன். பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து இரண்டு பேரும் சேர்ந்தே பின்னக் கற்றோம். மூன்று ஊசிகளில் தொண்ணூற்றொன்பது கண்ணிகள். நான்காவது ஊசியால் பின்னியபடியே வட்டமாகப் போக வேண்டும். ஒரு கண்ணி நேர்ப் பின்னல், அடுத்தது புறப் பின்னல். புறப் பின்னலுக்கு மிசியம்மா 'பர்ல்' என்றார். இங்கிலீஷில் அது முத்து என்று எங்களில் ஒருத்தி அர்த்தம் சொல்ல, எங்களுக்கு அது முத்தாகவே ஆகிவிட்டது. அந்தக் கண்ணியும் முத்து மாதிரிதான் புடைத்துக்கொண்டு நிற்கும். 'நேர், முத்து, நேர், முத்து' என்று முணுமுணுத்துக்கொண்டே போவோம். கண்ணிகள் ஒற்றைப்படையாக இருப்பதால் முதல் சுற்றில் நேர் விழுந்த இடத்தில் அடுத்த சுற்றில் தானாக முத்து விழும். தொப்பி முழுக்கச் சொரசொரவென்று மணிமணியாக வரும்.

மதினி தன் முதல் தொப்பியை வீட்டுக்குக் கொண்டுவந்துதான் முடித்தாள். கப்பலேறுவதற்கு முன் பத்து நாள் லீவில் அண்ணன் வந்திருந்தான். அதை வாங்கித் தலையில் மாட்டிக்கொண்டு கண்ணாடியைப் பார்த்தான்.

"ஏ இவளே, என்னடி இது? பலாப்பழத்தக் கவுத்து வச்ச மாதிரி இருக்கு."

"உங்க மூஞ்சிக்கு அதுவே சாஸ்தி. கழட்டுங்க, மிசியம்மாகிட்டக் குடுக்கணும்."

கழற்றும்போது வலது காதுக்கு மேலே அவன் விரல் நின்றது. கட்டைவிரல் நகம் அளவுக்கு ஓரிடம் முத்தே இல்லாமல் வழவழவென்று இருந்தது.

"இங்கன மட்டும் வழுக்குதே. பின்னும்போது பேசிக்கிட்டிருந்தியாக்கும்?"

மதினி வெட்கப்பட்டு நான் பார்த்தது அன்று ஒரு தடவைதான்.

அண்ணன் போனான். இத்தாலி மலையில் குளிர் எலும்பைத் தின்கிறது என்று ஒரு கடிதம் வந்தது. பிறகு ஐந்து மாதம் ஒரு வரியும் இல்லை. அந்தச் சமயத்தில்தான் மிசியம்மா எனக்கு வேலையை மாற்றினார். பின்னி முடித்த தொப்பிகளைச் சோதிக்க வேண்டும். பிழை இருந்தால் பிரித்து, நூலை உருண்டையாகச் சுற்றிப் பொதுக் கூடையில் போட வேண்டும். அதிலிருந்து யார் வேண்டுமானாலும் எடுத்துப் பின்னுவார்கள். தொப்பிக்குள் கடிதமோ சீட்டோ வைக்கக் கூடாது என்று முதல் நாளே கண்டிப்பாகச் சொல்லியிருந்தார்கள். யார் பின்னியது என்று பெயரும் கிடையாது. எல்லாம் ஒரே குவியல்.

நான்காவது தொப்பியில் என் விரல் வழுக்கியது. காதை மூடும் உயரத்தில், அதே நகம் அளவுக்கு. வேண்டுமென்றே விட்டது என்று எனக்குப் புரிந்துவிட்டது. எத்தனையோ ஆயிரம் சிப்பாய்கள். அவள் பின்னியதில் ஒன்று தப்பித் தவறி அண்ணன் தலைக்குப் போய்விட்டால், அவன் விரல் அந்த இடத்தைக் கண்டுபிடித்துவிடும் என்று மதினி நம்புகிறாள். எழுதிய கடிதம் போய்ச் சேர்ந்ததா என்று தெரியாதவளுக்கு வேறு வழி இல்லை.

பிழை இல்லை என்று நான் அதை அப்பால் வைத்திருக்கலாம். ஆனால் எனக்குப் பிறகு மிசியம்மாவும் தடவிப் பார்ப்பார். "இதை ஏன் விட்டாய்?" என்று கேட்டால் நான் எழுந்து நின்று பதில் சொல்ல வேண்டும். அத்தனை பேரும் திரும்பிப் பார்ப்பார்கள். பிரித்தேன். மறுநாள் இன்னொன்று வந்தது. அதையும் பிரித்தேன். மழைக்காலம் முழுவதும் இப்படியே போயிற்று. மதினி பக்கம் திரும்பாமல் மடிக்குள் வைத்துப் பிரிப்பேன். அவள் எதிரே உட்கார்ந்து வழக்கம்போல் யாரையாவது கேலி பேசிக்கொண்டு பின்னுவாள். வீட்டுக்கு வந்தால் அவள் போடும் சோறு எனக்கு இறங்காது. எத்தனை பிரித்தேன் என்று ஒரு கட்டத்துக்கு மேல் எண்ணவில்லை. அவளுடைய தொப்பி ஒன்றுகூட அந்த அறையைத் தாண்டிப் போகவில்லை என்பது மட்டும் தெரியும்.

யுத்தம் முடிந்து அண்ணன் திரும்பி வந்தான். பாதி உடம்பாகத்தான் வந்தான். ஆஸ்பத்திரியில் கிடந்ததால் எழுதவில்லை என்றான். தொப்பி வந்ததா என்று மதினி ஒரே ஒரு தடவை கேட்டாள். மிஷினில் செய்த தொப்பிதான் கொடுத்தார்கள் என்றான். அன்று பின்கட்டில் பாத்திரம் கழுவும்போது, "யாருக்காச்சும் போயிருக்கும்ல" என்றாள்.

எனக்குத் தாங்கவில்லை. "போகல மதினி. நான் பிரிச்சுட்டேன். எல்லாத்தையும்."

அவள் சட்டியைத் தேய்த்துக்கொண்டே இருந்தாள்.

"தெரியும் புள்ள. பிரிச்ச நூலு சுருட்டமுடி மாதிரியில்ல கெடக்கும். கூடையில அதத்தான தேடி எடுத்தேன். அதுலயேதான் திரும்பவும் தொப்பி போட்டேன்."

"அப்ப ஏன் எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லல?"

"சொன்னா நீ மிசியம்மா முன்னாடி எந்திரிச்சு நிக்கணும். நீ செத்துல்ல போவ. அவுகளத்தான் காணோம், உன்னையும் எதுக்கு வதைக்கணும்னு விட்டுட்டேன்." சட்டியைக் கவிழ்த்து வைத்துவிட்டு, "நீ பிரிக்க, நான் போட, ரெண்டு பேருக்கும் கை வலிச்சதுதான் மிச்சம்" என்றாள். சிரித்தாள் என்றுதான் நினைக்கிறேன். நான் நிமிர்ந்து பார்க்கவில்லை.

அண்ணன் காலமாகி மூன்று வருஷம் ஆகிறது. மதினியும் நானும்தான் இப்போது வீட்டில். அவள் பேச்சு ஓயவில்லை. தண்ணீர் வராததைப் பற்றி, எதிர் வீட்டுக்காரியைப் பற்றி, சொன்னதையே திரும்பவும் சொல்வாள். எனக்கும் வயதாகிவிட்டது, பல நாள் கேட்கக் கேட்க அசதியாக வருகிறது, கண் சொக்குகிறது. இருந்தாலும் அவள் முடிக்கும்வரை எழுந்து போவதில்லை. "கேக்குறியா?" என்பாள். "கேக்குறேன் மதினி" என்பேன்.