காப்பிக்கொட்டைக்கு வெயில் காட்டினோம்!

செல்போன் அபூர்வமாக இருந்த காலம். மட்டாஞ்சேரியில், வாராவாரம் புதிதாக வறுத்த காப்பிக்கொட்டையை வீட்டுக்கே அனுப்பும் கடையொன்றில் சந்தா சேர்ந்தேன். என் கணவருக்கு மிளகுக் கிடங்கில் வேலை. எந்தச் சரக்கு வந்தாலும் முதலில் வெயில் காட்டிவிடுவார். கொட்டையையும் மொட்டைமாடியில், காயும் சுக்கின் பக்கத்திலேயே பரப்பினார். மறுநாள் காப்பியில் சுக்கு வாடைதான் அடித்தது.

"இனிமேல் அனுப்பாதீங்க!" என்று கடைக்குப் போன் செய்து கத்தினேன்.

கடைக்காரர் மேரி சேச்சி புதுப் பொட்டலத்தோடு நேரிலேயே வந்துவிட்டார். மாடியில் மிச்சக் கொட்டை காய்வதைப் பார்த்ததும் விழுந்து விழுந்து சிரித்தார்.

"என்டெ மோளே, மிளகுக்கு வெயில் வேணும். வறுத்த காப்பிக்கு ஆகாது கேட்டோ!"

ஒரு கடுஞ்சொல் இல்லை. எங்கள் அடுக்களையிலேயே காப்பி போட்டுக் கொடுத்தார். அப்படியொரு மணம்! அன்றிலிருந்து வேறு கடையை நினைத்ததில்லை.

இப்போதெல்லாம் பொட்டலம் வந்ததும், முதல் வேலையாக மாடிக் கதவைப் பூட்டிவிடுகிறேன். என் கணவர் கை சும்மா இருக்காதே!