கோபமும் தலைவலியும்

எங்கள் வீட்டில் என் கணவருக்கு வந்ததெல்லாம் கோபம். எனக்கு வந்ததெல்லாம் தலைவலி. இந்த இரண்டு சொல்லை வைத்துக்கொண்டே கல்யாணமான நாள் முதல் குடும்பம் நடத்தியிருக்கிறோம், பெரிய குறை ஒன்றும் தெரியவில்லை. என் மாமியார் இறந்தபோது அவர் அழவில்லை. பந்தல் போட வந்தவரிடம் கத்தினார். "கோவமா இருக்காரு, விடுங்க" என்றார்கள். மகளுக்குக் கோயம்புத்தூரில் வேலை கிடைத்து, அவளைத் திண்டுக்கல் பஸ் ஸ்டாண்டில் ஏற்றிவிட்டு வந்த அன்று தண்ணீர் மோட்டாரைக் காலால் உதைத்தார். அதுவும் கோபம்தான். அன்று நான் மத்தியானமே படுத்துவிட்டேன். கேட்டவர்களிடம் தலைவலி என்றேன். தைலமும் தடவிக்கொண்டேன், சொன்ன சொல்லுக்கு ஓர் அத்தாட்சி வேண்டுமே.

கோபத்துக்கு எங்கள் பக்கம் ஒரு முறை உண்டு. கோபப்பட்டவர் அதை முதலில் சாப்பாட்டில் காட்டுவார். பட்டினி கிடப்பார் என்று இல்லை, இன்னார் கையால் வாங்க மாட்டார், அவ்வளவுதான். அடுத்து நேர்ப்பேச்சு நின்றுவிடும். மகள் வீட்டில் இருந்தவரை அவள் வழியாகப் பேசிக்கொண்டோம். "தோசை ஆறுதுன்னு ஒங்கப்பாகிட்ட சொல்லு" என்பேன். அவர் பக்கத்திலேயே உட்கார்ந்திருப்பார். அவள் போன பிறகு அவர் டிவியிடமும் நான் கேஸ் சிலிண்டர் கொண்டு வருபவரிடமும் பேச வேண்டியதாயிற்று. யார் கோபப்பட்டாரோ அவர்தான் பேச்சை மறுபடி எடுக்க வேண்டும். மற்றவர் போய் என்ன ஏது என்று கேட்டால் தப்பை ஒத்துக்கொண்டதாக ஆகிவிடும். நான் கேட்டதே இல்லை. அதில் எனக்குக் கொஞ்சம் பெருமைகூட உண்டு.

அவர் பஸ் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவர். பல வருடம் சிறுமலை ரூட்டில் ஓட்டினார். அந்த மலைப்பாதை வளைவுகளில் ஜன்னல் பக்கம் உட்கார்ந்தவர்கள் கண்ணை மூடிக்கொள்வார்கள். இவர் வீட்டுக்கு வந்து, எதிரில் வந்த லாரிக்காரனைத் திட்டுவார். பயம் என்ற சொல்லை அவர் வாயிலிருந்து நான் கேட்டதில்லை.

ஓய்வு பெற்ற புதிதில் நன்றாகத்தான் இருந்தார். பிறகு ஒரு நாள் காலையில் டீயை நீட்டினேன். அவர் கை நீட்டவில்லை. "அங்க வச்சிட்டுப் போ" என்றார். நான் உள்ளே போன பிறகு குடித்தார். அடுத்த நாளும் அப்படியே. சாப்பாட்டை மூடி வைத்துவிட்டு நான் மாடிக்குத் துணி காயப்போடப் போனால்தான் தட்டில் கைவைத்தார். சரி, கோபம் என்று புரிந்துகொண்டேன். நான் என்ன செய்தேன் என்று யோசித்துப் பார்த்தால் ஒன்றுக்கு நாலாகக் காரணம் கிடைத்தது. அவர் தம்பி வந்திருந்தபோது நான் முகம் கொடுத்துப் பேசாதது, பழைய காக்கிச் சட்டைகளைப் பாத்திரக்காரனுக்குப் போட்டது. தரையில் டீ சிந்தியிருந்தால், டம்ளரை ஆத்திரத்தில் நங்கென்று வைத்திருக்கிறார் என்று நினைத்தேன். துடைத்துவிட்டு, "சில பேருக்கு நாம செஞ்சா எறங்காதாம்" என்று அடுப்படிச் சுவரிடம் சொன்னேன்.

மகள் போனில் கேட்டாள். "அப்பா எங்கம்மா, பேசவே மாட்டேங்குறாரு?"

"கோவம்."

"எதுக்கு?"

"தெரியல."

"கோவம்னா கத்துவாருல்ல. கத்துனாரா?"

மோட்டார் ஓடுகிறது, அணைக்க வேண்டும் என்றேன். "நீ கேட்டியா?" என்றாள். நான் எதற்குக் கேட்க வேண்டும் என்று சொல்லி போனை வைத்துவிட்டேன். வாரங்கள் போயின. இரண்டு பேரும் முறை தவறாமல் இருந்தோம்.

ஆத்தூரில் என் அண்ணன் வீட்டில் பேத்திக்குக் காதுகுத்து. என் அப்பா அம்மா போன பிறகு எனக்குப் பிறந்த வீடு என்றால் அந்த வீடுதான். போனோம். காது குத்தி முடிந்தது, பந்தி போட்டார்கள். இலை முன்னால் உட்காரப் போன என் கணவர் சட்டென்று நிமிர்ந்து, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வாசலைத் தாண்டிப் போய்விட்டார். பந்தியில் பேச்சு அடங்கிவிட்டது. விசேஷ வீட்டில் கை நனைக்காமல் போவது என்றால் எங்கள் ஊர்ப்பக்கம் ஒரே அர்த்தம்தான்: உங்கள் உறவு எனக்கு வேண்டாம்.

அண்ணன் என்னிடம் வந்தார். முகம் கறுத்திருந்தது. "நாங்க என்னத்தா கொற வச்சோம்? ஒறவு வேணாம்னா மாப்ளய மூஞ்சிக்கு நேரா சொல்லச் சொல்லு. அதோட விட்ருவோம்" என்றார்.

இந்த வாசலும் அடைபட்டால் ஒரு பொங்கலுக்குக்கூட எனக்குப் போக இடம் கிடையாது. பஸ் ஸ்டாப்புக்கு நடந்தேன். அவர் புளியமரத்தடியில் தனியாக நின்றிருந்தார். முறையெல்லாம் அந்த நிமிடம் எனக்கு மறந்துபோயிற்று.

"ஒங்களுக்கு என் மேல கோவம்னா என்னைய ரெண்டு அடி அடிங்க. எங்கண்ணன் வீட்டுல வச்சு ஏன் என் மானத்த வாங்குறீங்க?"

அவர் வலது கையை மேல்துண்டுக்குள்ளிருந்து எடுத்து எனக்கு முன்னால் நீட்டினார். கை நடுங்கியது. இடது கையால் பிடித்துப் பார்த்தார், அப்போதும் நிற்கவில்லை.

"எலையில கை வச்சா எல்லாரும் பாப்பாக" என்றார். பிறகு, "ஒன் மேல எனக்கு என்ன கோவம்? நீதான் என் மேல கோவமா இருக்க" என்றார்.

நான் அந்தக் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். டம்ளரை வாங்காத கை, தரையில் டீ சிந்திய கை. எனக்கு அவர் மேல் ஆத்திரமும் அழுகையும் ஒன்றாக வந்தன.

"எங்கய்யாவுக்கும் இப்படித்தான் ஆரம்பிச்சுச்சு. கடைசியில அவருக்கு ஊட்டிவிட வேண்டியதாப் போச்சு." ரோட்டைப் பார்த்தபடி சொன்னார். "எனக்குப் பயமா இருக்கு."

அதற்குள் அண்ணன் எங்களைத் தேடி வந்துவிட்டார். சண்டைக்குத் தயாராகத்தான் வந்தார், நடையிலேயே தெரிந்தது. அவர் வாயைத் திறப்பதற்குள் நான் முந்திக்கொண்டேன். "கோவம் இல்லண்ணே. கை நடுங்குது. பயந்துபோயி இருக்காரு." ஒரு டிரைவரைப் பற்றி அவர் பெண்டாட்டி நடுரோட்டில் சொல்லக்கூடிய சொல் இல்லை அது. இவர் தலையைக் குனிந்துகொண்டார். அண்ணன் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார்.

"அதுக்கு ஏன் மாப்ள பசியோட போறீங்க, வாங்க" என்றார்.

சமையல்காரர்கள் சாப்பிடும் பின்பக்கக் கொட்டகையில் அவருக்கு இலை போட்டார்கள். இலையைச் சுற்றிச் சோறு சிந்தியது. அண்ணன் தானே ரசம் ஊற்றினார். இவர் சாப்பிட்டு முடிக்கும்வரை, ஆத்தூர் அணையில் எவ்வளவு தண்ணீர் கிடக்கிறது என்பதையே பேசிக்கொண்டிருந்தார்.

திண்டுக்கல் வந்து டாக்டரிடம் காட்டினோம். மாத்திரை கொடுத்தார். நடுக்கம் குறையும், முழுக்க நிற்கும் என்று இப்போது சொல்ல முடியாது என்றார். மனசு எப்படி இருக்கிறது என்றும் கேட்டார். இவர் "ஒரு மாதிரி இருக்கு" என்றார். எந்த மாதிரி என்று டாக்டர் திரும்பக் கேட்டார். இவர் என்னைப் பார்த்தார். எனக்குத் தெரிந்ததெல்லாம் கோபமும் தலைவலியும்தான், நான் என்ன எடுத்துக் கொடுப்பது?

அந்தக் கேள்வி அவருக்குள்ளேயே கிடந்திருக்க வேண்டும். சில நாள் கழித்து ஒரு காலையில் அரை டம்ளர் டீயை நீட்டினேன். முழு டம்ளர் என்றால் சிந்தும். இரண்டு கையாலும் வாங்கிக்கொண்டு, கண்டக்டர் ஸ்டாப் பெயர் சொல்வதுபோல ஒவ்வொன்றாகச் சொன்னார்.

"காலையில எந்திரிக்கும்போது பயமா இருக்கு. மாத்திர போட்டா செத்த நேரம் தெம்பா இருக்கு. சாயந்தரம் ஆனா ஒடம்பு அசந்து சடவா வருது. பஸ்சு சத்தம் கேட்டா ஏக்கமா இருக்கு." டம்ளரைப் பார்த்தார். "நீ அரை டம்ளர் ஊத்துறப்ப வெக்கமா இருக்கு."

அவர் ஒரு வாய் குடித்தார்.

"ஒனக்கு எப்படி இருக்கு?"

என்னை யாரும் அப்படிக் கேட்டதில்லை. தலைவலி என்று சொல்லத்தான் வாயைத் திறந்தேன். தைல டப்பாகூட ஜன்னல் மேல் எடுப்பாக இருந்தது.

"எனக்கும் பயமாத்தான் இருக்கு" என்றேன்.

அவர் டம்ளரைக் கீழே வைக்கவில்லை.

"எம்புட்டு?" என்று கேட்டார்.

"நெறைய" என்றேன்.